ஆயிரத்தில் ஒருவரா? இருமுனை மனநிலைக் கோளாறும் புதுச்சேரிக் கணக்கும்

இருமுனை மனநிலைக் கோளாறு உலகில் எந்த நாட்டில் மிகக் குறைவு என்று கேட்டால், மருத்துவ ஆய்விதழ்கள் பல ஆண்டுகளாகச் சுட்டும் விடை இந்தியா என்பதே. உலகச் சுகாதார நிறுவனத்தின் துணையோடு நடந்த உலக மனநல ஆய்வின் தரவுகளைத் தொகுத்து, கேத்லீன் மெரிக்காங்காஸ் தலைமையிலான குழு 2011இல் ஒரு கட்டுரை வெளியிட்டது. 11 நாடுகளில் 61,392 பேரிடம் எடுத்த பேட்டிகளை ஒப்பிட்ட அக்கட்டுரையின்படி, இந்நோய் வரிசையைச் சேர்ந்த ஏதேனும் ஒரு நிலைக்கு வாழ்நாளில் ஒருமுறையாவது ஆளானவர்கள் அமெரிக்காவில் 4.4 விழுக்காடு, ஜப்பானில் 0.7 விழுக்காடு, இந்தியாவிலோ 0.1 விழுக்காடு. அட்டவணையில் இந்தியா என்று அச்சாகியிருந்தாலும், அந்த வரிக்குரிய பேட்டிகள் அனைத்தும் புதுச்சேரிப் பகுதியில் எடுக்கப்பட்டவை. 2003 முதல் 2005 வரையிலான காலத்தில் அங்கு வீடுவீடாகச் சென்று 2,992 பேரிடம் கேட்டுப் பெற்ற விடைகளே, குருசுக்குப்பம் போன்ற கடலோரக் குடியிருப்புகளும் பழைய பிரெஞ்சு நகரமும் உழவர் ஊர்களும் அடங்கிய அச்சிறு நிலத்தை ஒரு பெருநாட்டின் சார்பாளராக நிறுத்தின.

ஏறத்தாழ மூவாயிரம் பேரில் 0.1 விழுக்காடு என்பது மூவர். அம்மூவரை நம்பி இந்தியாவில் இந்நோய் அரிது என்று முடிவு கட்டுவது எவ்வளவு தகும் என்பதும், அவ்வெண் உண்மையில் எதை அளந்தது என்பதும் ஆராயத்தக்கவை. அது அளந்தது நோயின் அருமையை அன்று, ஒரே ஒரு பேட்டிக்குள் பிடிபடாத அதன் இயல்பையே என்று கருத வலுவான காரணங்கள் உண்டு. கணக்கெடுப்பில் நோயைத் தப்பவிடும் அதே காரணங்கள் மருத்துவரின் அறையிலும் அதைத் தப்பவிடுகின்றன என்பதால், இது புள்ளியியலாளர்க்கு மட்டும் உரிய சிக்கல் ஆகாது.

காலத்தில் விரியும் நோய்

மனநிலை, உடலின் ஆற்றல், உறக்கம், சிந்தனையின் வேகம் ஆகியவை ஒருசேர எல்லை மீறி உயர்வதும், வேறொரு பருவத்தில் ஒருசேரத் தாழ்வதும், இடையிடையே இயல்பான காலங்கள் அமைவதுமாக வாழ்நாள் முழுவதும் தொடரக்கூடியது இருமுனை மனநிலைக் கோளாறு. உயர்வின் முனையை மருத்துவர்கள் மேனியா என்பர். அதை மிகையெழுச்சி எனலாம். குறைந்தது ஒரு வாரம் நீடிக்கும் இந்நிலையில் ஒருவர் இரவில் இரண்டு மூன்று மணி நேரமே உறங்கியும் களைப்பறியாமல் நடமாடுவார். பேச்சு கட்டுக்கடங்காது, எண்ணங்கள் ஒன்றையொன்று முந்தும், தன்னால் ஆகாதது எதுவுமில்லை என்ற துணிவில் கடன் வாங்கித் தொழில் தொடங்குவார், முன்பின் அறியாதவர்க்கு அள்ளிக் கொடுப்பார், தடுப்பவர்மீது சீறுவார். நோய் முற்றினால், தெய்வம் தன்னோடு பேசுவதாகவோ தாம் பெரும் பதவிக்கு உரியவர் என்றோ அசையாது நம்புவார். இதன் மென்மையான வடிவம் ஹைப்போமேனியா. நான்கு நாள்களேனும் நீடித்தாலும் வேலையையும் குடும்பத்தையும் குலைக்காத மென்னெழுச்சி அது. மறுமுனையில் இருப்பது மனச்சோர்வு: எதிலும் நாட்டமின்மை, உடற்சோர்வு, குற்றவுணர்வு, சாவைப் பற்றிய எண்ணம் ஆகியன இரு வாரங்களுக்குக் குறையாமல் நீடிக்கும் நிலை. முழு மிகையெழுச்சி ஒருமுறையேனும் வந்திருந்தால் நோய் முதல் வகை எனவும், மென்னெழுச்சியும் மனச்சோர்வும் மட்டும் மாறிமாறி வந்தால் இரண்டாம் வகை எனவும் கொள்ளப்படும்.

எதிரெதிரான இந்நிலைகள் ஒரே நோயின் பகுதிகள் என்று கண்டு சொன்னவர்கள் பாரிசின் சால்பெத்ரியேர் மருத்துவமனையில் பணியாற்றிய ழான் பியேர் ஃபால்ரே, ழூல் பாயார்ழே என்னும் இரு பிரெஞ்சு மருத்துவர்கள். 1854இல் முன்னவர் இதைச் சுழல் பைத்தியம் என்றும், பின்னவர் இருவடிவப் பைத்தியம் என்றும் விளக்கியதோடு, முதலில் கண்டவர் யார் என்று வழக்காடவும் செய்தனர். அவர்களால் இதைக் காண முடிந்ததற்கு ஒரு காரணம், மனநோய் விடுதிகளில் அடைக்கப்பட்டவர்களை ஆண்டுக்கணக்கில் தொடர்ந்து பார்க்கும் வாய்ப்புப் பெற்றிருந்தமை. இன்று வாயோயாமல் பேசுபவரையும் சென்ற ஆண்டு சுவரைப் பார்த்துக் கிடந்தவரையும் ஒரே ஆளாகப் பார்த்தவருக்கே இந்நோய் பிடிபடும். 1899இல் எமில் கிரேப்பெலின் இதைப் பிற மனநோய்களிலிருந்து தெளிவாகப் பிரித்தபோதும் அவர் நம்பியது நோயாளியின் ஒருநாள் தோற்றத்தை அன்று, நோய் கடந்து வந்த பாதையையே.

கேள்வித்தாளின் வாயில்

உலக மனநல ஆய்வு பயன்படுத்திய பேட்டிமுறையில் மருத்துவர்கள் கேள்வி கேட்பதில்லை. பயிற்சி பெற்ற கள ஊழியர்கள் அச்சிட்ட கேள்விகளை வரிசையாகப் படிப்பார்கள். ஒவ்வொரு நோய்க்கும் முதலில் ஒரு வாயிற்கேள்வி உண்டு. மிகையெழுச்சிக்குரிய வாயிற்கேள்வி, பல நாள்கள் தொடர்ந்து வழக்கத்தை மீறிய கிளர்ச்சியும் ஆற்றலும் மிகுந்து, ஓரிடத்தில் இருக்க முடியாமல், அளவுக்கு மீறிச் செலவழிப்பது, வண்டியை விரைவாக ஓட்டுவது போன்ற வழக்கமில்லாத செயல்களில் இறங்கிய காலம் எப்போதேனும் இருந்ததா என்ற கருத்தில் அமைந்தது. இதற்கும் இதையடுத்து எரிச்சலைப் பற்றி வரும் வினாவுக்கும் இல்லை என்று விடை வந்தால், அப்பகுதியின் மற்றக் கேள்விகள் எவையும் கேட்கப்படாமலே பேட்டி அடுத்த நோய்க்கு நகர்ந்துவிடும்.

சொந்த வண்டியோ செலவழிக்கக் கைப்பணமோ இல்லாத ஒரு பெண்ணுக்கு இக்கேள்வி தன் வாழ்க்கையைப் பற்றியது என்று தோன்றுவது அரிது. மிகையெழுச்சியின்போது அவர் நள்ளிரவில் எழுந்து பாத்திரம் முழுவதையும் துலக்கியிருக்கலாம், அயலாரோடு ஓயாது சண்டையிட்டிருக்கலாம், அருள் வந்து ஆடியிருக்கலாம். வீட்டார் அதைக் குணக்கேடு என்றோ காத்துக் கருப்பு என்றோ செய்வினை என்றோ பெயரிட்டிருப்பார்கள். ஆணாயின் குடி மிஞ்சிவிட்டது என்று முடித்திருப்பார்கள். அதற்கும் மேலாக, மிகையெழுச்சியில் இருந்தவருக்கு அது நோயாகவே தோன்றியிராது. அக்காலத்தை அவர் பின்னாளில் நினைவுகூர்ந்தால், உடல் வலுவாக இருந்த நல்ல காலமாகவே நினைவுகூர்வார். பார்த்தவர்கள் மனைவியும் தாயும் அண்ணன் தம்பியும். கேள்வியோ அவரிடம் மட்டுமே கேட்கப்பட்டது. புதுச்சேரியில் பேட்டிக்கு இசைந்தவர்கள் நூற்றுக்கு 98 பேருக்கு மேல். வீட்டுக் கதவு அடைக்கப்பட்டதால் விடுபட்டவர்கள் ஏறக்குறைய இல்லை எனலாம். ஆகவே குறை இருந்தால் அது உள்ளே நடந்த உரையாடலில்தான் இருந்திருக்க வேண்டும்.

இதை வேறு கணக்குகளோடு வைத்துப் பார்க்கலாம். பெங்களூரின் நிம்ஹான்ஸ் நிறுவனம் 2015-16இல் தமிழ்நாடு உட்பட 12 மாநிலங்களில் நடத்திய தேசிய மனநல ஆய்வு 34,802 வயதுவந்தோரைப் பேட்டி கண்டு, வாழ்நாளில் இந்நோய்க்கு ஆளானோர் 0.5 விழுக்காடு என்றும், பேட்டியின்போது நோயில் இருந்தோர் 0.3 விழுக்காடு என்றும் கண்டது. புதுச்சேரி அந்த 12 மாநிலங்களுள் இல்லை. நோய்ச்சுமையைக் கணிக்கும் மற்றொரு தேசிய முயற்சி, 2017இல் இந்தியாவில் 76 இலட்சம் பேர், அதாவது மக்களில் ஏறத்தாழ 0.6 விழுக்காட்டினர், இந்நோயுடன் வாழ்ந்ததாக மதிப்பிட்டது. உலக மனநல ஆய்வு மென்னெழுச்சிக்கும் குறைந்த நிலைகளையும் சேர்த்தே எண்ணியது என்பதால், அதன் புதுச்சேரி எண் இவற்றைவிடக் கூடுதலாக வந்திருந்தால்தான் இயல்பு. அதுவோ தேசிய மனநல ஆய்வின் வாழ்நாள் எண்ணில் ஐந்தில் ஒரு பங்காக வந்தது.

எல்லா வேறுபாட்டையும் கேள்வித்தாளின் தலையில் கட்டிவிடவும் முடியாது. நாட்டுக்கு நாடு உண்மையான ஏற்றத்தாழ்வு இருக்கக்கூடும்; நோயாளிகள் இளம் வயதிலேயே இறந்துபோகும் சமுதாயத்தில் உயிரோடு இருப்போரை மட்டும் எண்ணினால் எண் தாழவே செய்யும். புதுச்சேரியின் ஜிப்மர் மருத்துவமனை உளமருத்துவர்கள் ஆசிய ஆய்வுகளைத் தொகுத்து 2017இல் வெளியிட்ட கட்டுரை, ஆசிய நோயாளிகளிடம் மனச்சோர்வைக் காட்டிலும் மிகையெழுச்சியே மேலோங்கி நிற்பதைச் சுட்டியது. ஊரே பார்க்கும் மிகையெழுச்சி மருத்துவமனைக்கு வந்து சேர, யார் கண்ணிலும் படாத இரண்டாம் வகை வீட்டோடு நின்றுவிடுவதும் இத்தோற்றத்திற்கு ஒரு காரணமாக இருக்கலாம். ஆயினும் ஆயிரத்தில் ஒருவர் என்பதை நோயின் பரவலாகக் கொண்டு திட்டமிடும் அரசு, ஓர் இலட்சம் வயதுவந்தோருக்கு 100 நோயாளிகளுக்கு மட்டுமே மருத்துவரையும் மருந்தையும் ஒதுக்கும். தேசிய ஆய்வின் 0.5 விழுக்காட்டைக் கொண்டால் தேவை 500 பேருக்கு.

மரபும் உறக்கமும்

இந்நோய்க்கு ஒற்றைக் காரணம் கிடையாது. இரட்டையர்களை ஒப்பிட்ட ஆய்வுகள், மக்களிடையே இந்நோய் வாய்ப்பில் காணும் வேறுபாட்டில் 60 முதல் 85 விழுக்காடு வரை மரபணுக்களால் விளைவது என்று காட்டுகின்றன. பெற்றோரில் ஒருவருக்கு நோய் இருந்தால் பிள்ளைக்கு அது வரும் வாய்ப்பு பத்தில் ஒன்றை நெருங்கும். மறுபுறம் பார்த்தால், அத்தகைய பத்துப் பிள்ளைகளில் ஒன்பது பேருக்கு வருவதில்லை. 2021இல் வெளியான ஒரு பன்னாட்டு மரபணு ஆய்வு 41,917 நோயாளிகளின் மரபணுத் தொகுதிகளை ஆராய்ந்து, நோயோடு தொடர்புடைய 64 இடங்களைக் கண்டறிந்தது. அவை ஒவ்வொன்றின் பங்கும் மிகச் சிறிது. ஆராயப்பட்டவர்களும் ஐரோப்பிய வழியினரே என்பதால், தமிழ்க் குடும்பங்களுக்கு அம்முடிவுகளை அப்படியே பொருத்திப் பார்ப்பது இப்போதைக்கு இயலாது.

மரபு நோய்க்கு இடம் தருகிறது. அது எப்போது வெளிப்படும் என்பதை வாழ்க்கை பெரிதும் தீர்மானிக்கிறது. குழந்தைப் பருவக் கொடுமை, மகப்பேறு, இழப்பு, கஞ்சா, ஸ்டீராய்டு மருந்துகள் ஆகியவை நோயைத் தூண்டவல்லவை. இவற்றுள் மிகத் தெளிவாக நிறுவப்பட்டது உறக்கக்கேடு. உறக்கமின்மை மிகையெழுச்சியின் அறிகுறியாக மட்டுமன்றி அதன் தூண்டுகோலாகவும் இருக்கிறது. இரவு பகலை உணர்ந்து உடலின் தாளத்தை நடத்தும் உட்கடிகாரம் இந்நோயாளிகளிடம் எளிதில் பிசகுகிறது. ஒன்றிரண்டு இரவுகள் கண்விழித்தாலே சிலருக்கு மனநிலை ஏறத் தொடங்கும்.

விடியுமுன் படகு தள்ளும் மீனவருக்கும், இரவுப்பணி பார்க்கும் விடுதி ஊழியருக்கும், ஆலைத் தொழிலாளிக்கும் இது வெறும் பாடநூற் செய்தி அன்று. கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் நடப்பில் உள்ளது. அதற்குட்பட்ட படகுகளில் தொழில் செய்பவரின் உறக்க நேரம், வருமானம், நாளின் ஒழுங்கு ஆகிய மூன்றும் ஆண்டுக்கு இருமுறை தலைகீழாகின்றன. இவ்வுழைப்பு நோயை உண்டாக்குகிறது என்று சொல்ல இடமில்லை. நோய்க்கூறு உடையவருக்கு இத்தகைய மாற்றக் காலங்கள் கூடுதல் கவனத்துக்கு உரியவை என்பதில் ஐயமில்லை.

லித்தியமும் வியர்வையும்

1949இல் ஆஸ்திரேலிய மருத்துவர் ஜான் கேட், மெல்பர்ன் நகருக்கு அருகே ஒரு மருத்துவமனையில் மிகையெழுச்சியுற்றவர்களுக்கு லித்தியம் என்னும் எளிய உப்பைக் கொடுத்து அவர்கள் தெளிவடைந்ததைப் பதிவு செய்தார். டென்மார்க்கின் மோகன்ஸ் ஷூ 1954இல் அதை முறைப்படி சோதித்து உறுதிப்படுத்தினார். ஏழு பத்தாண்டுகள் கடந்தும், நோய் திரும்ப வருவதைத் தடுப்பதிலும் தற்கொலை இடரைக் குறைப்பதிலும் லித்தியமே முன்னணியில் நிற்கிறது. அதன் விலையும் குறைவு, கண்காணிப்புதான் கடினம். இரத்தத்தில் அதன் அளவு லிட்டருக்கு 0.6 முதல் 1.0 மில்லிமோல் வரை இருத்தல் வேண்டும். அதற்குக் கீழே பயன் குறையும், 1.5ஐத் தாண்டினால் நடுக்கம், வாந்தி, தள்ளாட்டம் என நச்சுத்தன்மை தலைகாட்டும். தைராய்டும் சிறுநீரகமும் பாதிக்கப்படாதிருக்க ஆறு மாதத்திற்கொருமுறை அவற்றையும் சோதித்தாக வேண்டும்.

கடலோர வெயிலில் உழைப்பவர் இந்த எண்களைக் காப்பது எளிதன்று. சிறுநீரகம் லித்தியத்தையும் சோடியத்தையும் ஏறக்குறைய ஒரே வழியில் கையாள்வதால், உடலில் நீரும் உப்பும் குறையும்போது அது சோடியத்தோடு லித்தியத்தையும் தேக்கிக்கொள்கிறது. நாள் முழுதும் வியர்த்துத் தண்ணீர் குடிக்காதவர்க்கும், வயிற்றுப்போக்கு கண்டவர்க்கும், முதுகுவலிக்கு மருந்துக்கடையில் தாமே ஐபூபுரூஃபன், டைக்ளோஃபினாக் போன்ற மாத்திரைகளை வாங்கி விழுங்குபவர்க்கும் லித்திய அளவு சட்டென்று ஏறக்கூடும். வழக்கத்துக்கு மாறாக உப்பு மிகுந்தால் அது இறங்கும். ஆகவே உப்பும் தண்ணீரும் நாளுக்கு நாள் சீராக இருத்தல் வேண்டும். கடைசி வேளை மருந்துக்குப் பன்னிரண்டு மணி நேரம் கழித்து இரத்தம் எடுத்தால்தான் அளவு சரியாகத் தெரியும் என்பதால், இரவு 9 மணிக்கு மாத்திரை எடுத்தவர் காலை 9 மணிக்கு ஆய்வகத்தில் இருந்தாக வேண்டும். கரை திரும்பிய மீனவருக்கோ அது மீனை விற்றுக் காசாக்கும் நேரம். குருசுக்குப்பத்திலிருந்து நடந்தே போகும் தொலைவில் இந்திரா காந்தி அரசு பொது மருத்துவமனையும், நகரின் மறுபுறம் கோரிமேட்டில் ஜிப்மரும் இருக்கும் ஊரில் தொலைவு பெருந்தடை அன்று. இழக்க வேண்டிய அரைநாள் கூலிதான் தடை.

லித்தியம் ஒவ்வாதவர்க்கு வால்புரோயேட், கார்பமாசெபின், லாமோட்ரிஜின் ஆகியவையும், குவெட்டியாபின், ஒலான்சபின், ரிஸ்பெரிடோன் போன்ற மருந்துகளும் உண்டு. கருவுற்ற பெண் வால்புரோயேட் எடுத்தால் பிறக்கும் குழந்தைகளில் ஏறத்தாழ பத்தில் ஒன்றுக்குப் பிறவிக் குறைபாடும், பத்தில் மூன்று நான்கிற்கு வளர்ச்சித் தாமதமும் நேரக்கூடும் என்பதால், மணவயதுப் பெண்களுக்கு அதைத் தவிர்ப்பதே இன்றைய நெறி. ஊரில் கரண்ட் வைப்பது என்று அஞ்சப்படும் மின்வலிப்புச் சிகிச்சை, உயிருக்கு இடரான மனச்சோர்விலும் கட்டுக்கடங்காத மிகையெழுச்சியிலும் விரைந்து பயன் தருவது. மயக்கமருந்தும் தசைத்தளர்வு மருந்தும் இன்றி அதைச் செய்வதை 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம் தடை செய்கிறது. இம்மருத்துவங்களோடு, நோயின் முன்னறிகுறிகளைக் குடும்பத்தோடு சேர்ந்து கற்றுக்கொள்வதும், உறங்கி எழும் நேரத்தை ஒழுங்குபடுத்துவதும் நோய் திரும்பும் வாய்ப்பைக் குறைக்கின்றன.

இவ்வளவு இருந்தும் நோய் தொடங்கி அதன் பெயர் தெரியும் வரை பொதுவாக 6 முதல் 10 ஆண்டுகள் கழிகின்றன. இரண்டாம் வகையினர் மருத்துவரிடம் வருவது பெரும்பாலும் மனச்சோர்வின்போதே. முன்பு எழுச்சி வந்ததுண்டா என்று வீட்டாரிடம் கேட்காத மருத்துவர் மனச்சோர்வுக்குரிய மாத்திரையை மட்டும் எழுதித் தந்தால், சிலரிடம் அதுவே மிகையெழுச்சியைக் கிளப்பிவிடும். கேள்வித்தாளில் நேர்ந்த பிழை இங்கே நோயாளியின் உடலில் நேர்கிறது.

விலை கொடுப்பவர் யார்

தேசிய மனநல ஆய்வின்படி இந்நோயுற்றோரில் 70.4 விழுக்காட்டினர் சிகிச்சைக்கு வெளியே இருந்தனர். உலக மனநல ஆய்விலும், குறைந்த வருவாய் நாடுகளில் மனநல மருத்துவத்தை நாடியவர்கள் 25.2 விழுக்காட்டினரே. சிகிச்சையின்மைக்குக் கொடுக்கும் முதல் விலை உயிர். பொதுமக்களைக் காட்டிலும் இந்நோயாளிகள் தற்கொலையால் இறக்கும் வாய்ப்பு 20 முதல் 30 மடங்கு என ஆய்வுகள் மதிப்பிடுகின்றன. தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022ஆம் ஆண்டுக் கணக்கில் நாடு முழுமைக்கும் தற்கொலை வீதம் இலட்சத்திற்கு 12.4 ஆக இருக்க, புதுச்சேரியில் அது 29.7. தற்கொலைக்குக் கடன், குடி, குடும்பச் சண்டை, உடல்நோய் எனப் பல காரணங்கள் உண்டாகையால் இவ்வீதத்தை ஒரு நோயின் கணக்கில் எழுதுவது தவறு. ஆயினும் இந்நோய் மிகக் குறைவு என்று சொல்லும் கணக்கும், தற்கொலை மிக அதிகம் என்று சொல்லும் கணக்கும் ஒரே ஊரைப் பற்றியவை என்பதைத் திட்டமிடுவோர் கருத்தில் கொள்ள வேண்டும்.

உயிர் பிழைத்தவர்களின் ஆயுளும் சராசரியாகப் பத்து ஆண்டுகளுக்கு மேல் குறைகிறது. பெரும்பகுதி இறப்புகள் இதயநோய், நீரிழிவு போன்ற உடல்நோய்களால். மிகையெழுச்சியின் சில வாரங்களில் அடகு வைத்த நகையையும் வட்டிக்கு வாங்கிய பணத்தையும் குடும்பம் பல ஆண்டுகள் அடைக்கிறது. மணப்பேச்சின்போது நோயை மறைத்து, மறைத்ததைக் காக்க மாத்திரையையும் நிறுத்தி, திருமணத்தின் கண்விழிப்பிலும் மகப்பேற்றின் அலைச்சலிலும் நோய் மீண்டெழுவது மருத்துவர்கள் பலமுறை கண்ட வரிசை.

சட்டம் இதற்கு ஓரளவு இடம் தந்துள்ளது. 2018 மே 29 முதல் நடைமுறையில் உள்ள மனநலப் பராமரிப்புச் சட்டத்தின்படி, ஒருவர் தெளிவோடு இருக்கும்போதே தமக்கு எத்தகைய சிகிச்சை வேண்டும், எது வேண்டாம் என்று முன்னறிவிப்பு எழுதி வைக்கலாம். தம் சார்பில் முடிவெடுப்பவரை நியமிக்கலாம். தெளிவும் குலைவும் மாறிமாறி வரும் இந்நோய்க்கு இதைவிடப் பொருந்தும் ஏற்பாடு இல்லை. தற்கொலைக்கு முயன்றவரைக் குற்றவாளியாக நடத்தாமல் கடும் மனவழுத்தத்திற்கு ஆளானவராகக் கொள்ளவும், உடல்நோய்க்கு இணையாக மனநோய்க்கும் காப்பீடு தரவும் அச்சட்டம் வழிசெய்கிறது. 2022 அக்டோபர் 10 முதல் 14416 என்ற எண்ணில் டெலி மானஸ் சேவை இலவச மனநல ஆலோசனை தருகிறது.

எண்ண வேண்டிய முறை

புதுச்சேரியில் இனி ஒரு கணக்கெடுப்பு நடந்தால், அது நோயாளி என்று ஐயுறப்படுபவரை மட்டும் கேட்டு நிற்காமல், உடன் வாழ்பவர் ஒருவரையும் கேட்க வேண்டும். ஒருநாளோடு முடியாமல், ஒரு பகுதியினரையேனும் ஓரிரு ஆண்டுகள் தொடர வேண்டும். உள்ளூர் மருத்துவமனைப் பதிவேடுகளோடு முடிவை ஒத்துப்பார்க்க வேண்டும். அதுவரை காத்திராமல் செய்யக்கூடியவையும் உண்டு. மனச்சோர்வென்று வரும் ஒவ்வொருவரின் வீட்டாரிடமும், தூக்கமே இல்லாமல் சுறுசுறுப்பாக இருந்த நாள்கள் உண்டா என்று ஆரம்பச் சுகாதார நிலையத்திலேயே கேட்பதற்கு ஒரு நிமிடம் போதும். லித்தியம் எடுப்பவர் கூலி இழக்காமல் இரத்தம் கொடுக்கும்படி ஆய்வக நேரத்தையும், அதற்கேற்ப மருந்து வேளையையும் மாற்றியமைப்பதற்குப் பெருஞ்செலவு ஆகாது. இவற்றைச் செய்தால் புதுச்சேரியின் எண் உயரும். அவ்வுயர்வை நோய் பெருகிவிட்டதாகப் படிக்காமல், மருத்துவத்துக்கு வெளியே நின்ற பத்தில் ஏழு பேரில் சிலர் உள்ளே வந்துவிட்டதாகப் படிக்கும் தெளிவு அரசுக்கும் ஊடகங்களுக்கும் முன்கூட்டியே இருக்க வேண்டும்.